என் மகளின் முதுகும் நான் சந்தேகப்பட்டவர்களும்

ஞாயிறு திருப்பலியில் நற்கருணை வாங்கிக்கொண்டு வந்து முழங்காலிட்ட என் மகள் பெனிட்டா, எல்லோரும் எழுந்த பிறகும் எழவில்லை. பாட்டு முடிந்தது. ஃபாதர் அறிவிப்புகளை வாசித்தார். அவள் தலையைக் குனிந்தபடியே இருந்தாள். அடுத்த ஞாயிறு ஜிம்னாஸ்டிக்ஸில் மாநில அணிக்கான தேர்வு. அதற்காகத்தான் இத்தனை நேரம் வேண்டிக்கொள்கிறாள் என்று எனக்குக் கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது. பக்கத்தில் குனிந்து பார்த்தபோதுதான் அவள் பல்லைக் கடித்துக்கொண்டிருப்பது தெரிந்தது.

"எழுந்திருடி, எல்லாரும் பாக்குறாங்க."

"முடிலம்மா. முதுகு புடிச்சிக்கிச்சு."

அவள் அப்பா ஆண்கள் பக்கத்திலிருந்து வந்து அவளைத் தூக்கிக்கொண்டு வெளியே போனார். பதினைந்து வயதுப் பெண்ணை, ஒன்றாம் வகுப்புப் பிள்ளையைத் தூக்குவதுபோலத் தூக்கிவிட்டார். அவள் அவ்வளவு லேசாக இருந்தது அப்போது எங்களுக்கு உறைக்கவில்லை. இந்த விளையாட்டில் இருக்கும் பிள்ளைகள் அப்படித்தான் இருப்பார்கள் என்று எங்களுக்குச் சொல்லிப் பழக்கியிருந்தார்கள்.

நான் ஸ்டெல்லா. ஒரகடத்தில் செல்போன் பாகங்கள் செய்யும் கம்பெனியில் லைனில் வேலை பார்க்கிறேன். என் கணவர் சகாயம் தூத்துக்குடி மாவட்டத்து நாசரேத் பக்கத்திலிருந்து பிழைக்க வந்து இங்கேயே தங்கிவிட்டவர். இன்னொரு கம்பெனியில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறார். பெனிட்டா எங்கள் ஒரே பெண். இரண்டாம் வகுப்பில் பள்ளி மைதானத்தில் கரணம் அடித்தவளைப் பார்த்து, ஸ்ரீபெரும்புதூரில் ஒரு பள்ளிக்குப் பின்னால் தகரக் கூரை போட்ட ஹாலில் பயிற்சி நடத்தும் மாஸ்டர் கேட்டு வாங்கிக்கொண்டார். அன்றிலிருந்து காலையிலும் மாலையிலும் பயிற்சிதான். அரைச் சாண் அகலக் கட்டையின் மேல் பின்னால் வளைந்து, கையை ஊன்றி, காலைத் தூக்கிப் போட்டு எழுந்து நிற்பாள். அதைப் பார்க்கும்போது எனக்கு மூச்சு நின்றுவிடும். அவள் இறங்கிய பிறகுதான் கை தட்டுவேன்.

எனக்குச் சுபாவத்திலேயே சந்தேகம் அதிகம். காய்கறிக்காரர் முதல் கேஸ் சிலிண்டர் கொண்டுவருபவர் வரை யாரையும் முழுசாக நம்பமாட்டேன். மருத்துவமனை என்றால் கேட்கவே வேண்டாம். பெரிய ரோட்டை ஒட்டியிருந்த அந்தத் தனியார் மருத்துவமனைக்குள் நுழைந்தபோதே, கண்ணாடிக் கதவையும் ஏசியையும் பார்த்து, இவர்கள் ஆபரேஷன் சொல்லாமல் விடமாட்டார்கள் என்று முடிவு கட்டியிருந்தேன்.

எக்ஸ்ரே எடுக்கும் முன்பு ஒரு நர்ஸ் வந்து பெனிட்டாவிடம் கேட்டாள்.

"பீரியட்ஸ் கடைசியா எப்ப வந்துச்சு?"

"ஞாபகம் இல்ல."

"போன மாசம் வந்துச்சா?"

"இல்ல."

"அதுக்கு முந்தின மாசம்?"

பெனிட்டா சுவரில் ஒட்டியிருந்த குழந்தைப் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். நர்ஸ் என் பக்கம் திரும்பிக் குரலைத் தாழ்த்தினாள். "எக்ஸ்ரேக்கு முன்னாடி யூரின் டெஸ்ட் ஒண்ணு எடுத்துடலாம்மா. கர்ப்பம் இல்லன்னு பாத்துட்டுதான் எடுப்போம். பெரிய பொண்ணுங்க எல்லாருக்கும் பாக்குறதுதான்."

எல்லாருக்கும் பார்ப்பதுதான் என்று அவள் சொன்னது என் காதில் விழவே இல்லை. மாதவிலக்கு நின்றிருக்கிறது, பெற்றவளுக்குத் தெரியவில்லை என்பதுதான் விழுந்தது. மாதாமாதம் நாப்கின் பாக்கெட் வாங்கி அலமாரியில் வைத்துக்கொண்டுதான் இருந்தேன். அதை என்ன செய்தாள்?

வெளியே வரிசையாகப் போட்டிருந்த இரும்பு நாற்காலியில் உட்கார்ந்தேன். மாஸ்டரின் முகம்தான் முதலில் வந்தது. வளையும்போது இடுப்புக்குக் கீழே கை கொடுத்துத் தாங்குவார். மழை பெய்த மாலைகளில் தன் காரில் கொண்டுவந்து விட்டிருக்கிறார். காருக்குள் வேறு பிள்ளைகளும் இருந்தார்களா என்று நினைவுபடுத்திப் பார்த்தேன். இருந்ததாக ஒரு சமயம் தோன்றியது, இல்லாததாக ஒரு சமயம் தோன்றியது. ஏழெட்டு வருடமாக அந்த ஆளுக்குக் கிறிஸ்துமஸ் கேக் கொடுத்துக்கொண்டிருக்கிறேன்.

நர்ஸ் வந்து, "நெகட்டிவ்மா. எக்ஸ்ரேக்குக் கூட்டிட்டுப் போறோம்," என்றாள். மாதாவுக்கு நன்றி சொன்னேன். சொன்ன கையோடு, அந்த டெஸ்டைச் சரியாகத்தான் எடுத்தார்களா என்றும் யோசித்தேன்.

எக்ஸ்ரேயில் ஒன்றும் தெளிவாகத் தெரியவில்லை. எம்.ஆர்.ஐ. எடுக்கச் சொன்னார்கள். ஆரம்பித்துவிட்டார்கள் என்று கணவரிடம் முணுமுணுத்தேன்.  காலையிலிருந்தே அவர் ஒன்றும் சொல்லாமல்தான் இருந்தார். அந்த எந்திரக் குழாயிலிருந்து வெளியே எடுத்ததும் பெனிட்டா எழுந்து உட்கார்ந்தாள், உட்கார்ந்தபடியே மயங்கிச் சரிந்தாள். நாடித்துடிப்பு ரொம்ப மெதுவாக இருக்கிறது என்று அன்றே வார்டில் சேர்த்துவிட்டார்கள்.

டிரிப்ஸ் ஏறிக்கொண்டிருந்தபோது, அவள் அப்பா கீழே மருந்துக் கடைக்குப் போயிருந்த நேரம் பார்த்து, கட்டிலருகே போய்க் கேட்டேன்.

"பெனி, அம்மாகிட்ட மறைக்காத. மாஸ்டர் உன்கிட்ட ஏதாவது தப்பா நடந்துக்கினாரா?"

அவள் என்னைப் பார்த்த பார்வையை இப்போது நினைத்தாலும் கூசுகிறது.

"அந்த டெஸ்டு எடுத்தப்பவே நீ அதைத்தான் நெனச்சிக்கினு இருந்தன்னு தெரியும்."

"கேட்டதுக்குப் பதில் சொல்லு."

"இல்லம்மா. கை குடுத்துத் தாங்குவாரு, அவ்ளோதான். நீ நெனைக்கிற மாதிரி ஒண்ணும் பண்ணல." கண்ணை மூடிக்கொண்டாள். பிறகு சொன்னாள். "ஆனா தினமும் எல்லார் முன்னாடியும் எடை மெஷின்ல ஏத்துவாரு. கூடியிருந்தா, நேத்து வீட்ல விருந்தான்னு கேப்பாரு. எல்லாரும் சிரிப்பாங்க. அது ஒண்ணும் இல்லையாம்மா?"

 நான் கட்டிக் கொடுத்த சாப்பாடு பல மாதங்களாக அவள் தோழிகளுக்கும், ஹாலுக்குப் பின்னால் படுத்திருக்கும் நாய்களுக்கும் போய்க்கொண்டிருந்தது என்பதையும் அன்றுதான் சொன்னாள். காலி டப்பாவைக் கழுவும்போதெல்லாம் பிள்ளை நன்றாகச் சாப்பிடுகிறது என்று நான் சந்தோஷப்பட்டிருக்கிறேன்.

மறுநாள் எலும்பு டாக்டர் எங்கள் இருவரையும் உட்காரவைத்துப் படத்தைக் காட்டினார். சின்ன வயதுக்காரர், அதிகம் பேசாதவர். முதுகெலும்பு என்பது ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிய கட்டைகள். ஒவ்வொரு கட்டைக்கும் பின்பக்கம் இரண்டு மெல்லிய எலும்புப் பாலங்கள் உண்டு. இடுப்புக்கு மேலே கடைசிக் கட்டையில் அந்தப் பாலம் இரண்டு பக்கமும் விரிசல் விட்டிருக்கிறது. விழுந்து உடைந்ததில்லை. பின்னால் வளைந்து வளைந்து, ஒரே கம்பியைத் திரும்பத் திரும்ப மடக்கினால் விட்டுப்போவதுபோல விட்டிருக்கிறது. இந்த விளையாட்டில் இது அபூர்வமில்லை என்றார்.

"ஆனா இவ எலும்பு ஆறாததுக்கு வேற காரணமும் இருக்கு. உடம்புக்கு வேண்டிய சாப்பாடு போகல. போகலன்னா உடம்பு சிக்கனம் பண்ண ஆரம்பிக்கும். முதல்ல பீரியட்ஸை நிறுத்தும். இதயத்தை மெதுவா ஓட்டும். எலும்பைக் கட்டுறதை நிறுத்தும்."

"விளையாடுற பிள்ளைங்களுக்கு நாடி மெதுவாத்தான் இருக்கும்னு அவங்க மாஸ்டர் சொல்லியிருக்காரே," என்றேன்.

"இருக்கும். ஆனா இப்படி எழுந்து உட்கார்ந்ததும் மயங்கி விழமாட்டாங்க."

எப்போது ஆபரேஷன் என்ற வார்த்தை வரும் என்று காத்திருந்தேன். வரவில்லை. முதுகுக்குக் கவசம்போல ஒரு பெல்ட், மாதக்கணக்கில் ஓய்வு, சாப்பாடு, அதன் பிறகு பிசியோதெரபிஸ்டை வைத்து மெதுவாக உடற்பயிற்சி என்றார். ஆபரேஷன் சொல்லாததால் இப்போது வேறு விதமாகச் சந்தேகம் வந்தது. இவருக்கு விஷயம் தெரியுமா?

அப்போதுதான் அவர் இன்னொரு காகிதத்தை எடுத்தார். "ரத்தத்துல கிரியாட்டினின் ஏறியிருக்கு, கிட்னி சரியா வேலை செய்யலன்னு அர்த்தம். வலி மாத்திரை ரொம்ப நாளாச் சாப்பிட்டா இப்படி ஆகும். என்ன மாத்திரை குடுத்தீங்க?"

"நாங்க ஒண்ணும் குடுக்கலையே சார். வலின்னே எங்ககிட்ட சொன்னதில்ல."

"யாரோ குடுத்திருக்காங்க. கேட்டுச் சொல்லுங்க."

பெனிட்டாவிடம் கேட்டேன். உதட்டை இறுக்கிக்கொண்டு சுவர்ப் பக்கம் திரும்பிவிட்டாள். எனக்கு அதுவே போதுமாக இருந்தது. மாஸ்டரைக் காப்பாற்றுகிறாள் என்று புரிந்துகொண்டேன்.

அன்று மாலை மாஸ்டரே வந்தார், ஆப்பிள் பையோடு. பக்கத்துக் கட்டிலில் கால் உடைந்த மருமகளுக்குத் துணையாக இருந்த வல்லக்கோட்டை அம்மா எழுந்து அவருக்கு ஸ்டூல் கொடுத்தார். மாஸ்டர் உட்காரும் முன்பே கேட்டேன்.

"என் பொண்ணுக்கு இன்னா மாத்திரை குடுத்தீங்க?"

அவர் முகம் சுருங்கியது. "நான் மாத்திரை குடுத்ததில்லம்மா. எடையைப் பத்திப் பேசியிருக்கேன், இல்லன்னு சொல்லல. எடையைக் குறைக்காம மேடை ஏற முடியாது. மாத்திரை எல்லாம் குடுக்கல."

"அப்ப யார் குடுத்தது?"

"எனக்கு எப்படிம்மா தெரியும்?" என்றவர், கட்டில் பக்கம் நகர்ந்து குரலை மாற்றிக்கொண்டார். "பெனி, எனக்குத் தெரிஞ்ச டாக்டர் ஒருத்தர் இருக்கார். வலிக்கிற எடத்துல ஒரு ஊசி போட்டா ரெண்டு மூணு நாள் தாங்கும். தேர்வு முடியட்டும், அப்புறம் எவ்ளோ நாள் வேணா ரெஸ்ட் எடு. இந்த வருஷம் விட்டா அடுத்த வருஷம் உன் உடம்பு இப்படி இருக்காது."

சாப்பாட்டைப் பார்த்தும் என்னைப் பார்த்தும் மலராத முகம் அந்த ஊசிப் பேச்சில் மலர்ந்தது. "போட்டுக்கலாம்மா. ஒரே ஒரு நாள்தானே. ப்ளீஸ்மா."

உண்மையைச் சொன்னால், நானும் தடுமாறினேன். ஏழெட்டு வருட உழைப்பு. ஊசி போடச் சொல்பவர் அவளைத் தெரிந்தவர். ஓய்வெடு என்பவர் நேற்று முளைத்தவர். என் கணவரைப் பார்த்தேன். அவர் ஜன்னலுக்கு வெளியே கன்டெய்னர் லாரிகள் போவதைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

மறுநாள் டாக்டர் வார்டைச் சுற்றி வந்தபோது மறுபடி மாத்திரையைப் பற்றிக் கேட்டார். என்ன மருந்து, எவ்வளவு என்று தெரியாமல் மேற்கொண்டு மருந்து போடத் தயக்கமாக இருக்கிறது என்றார்.

"அந்த மாஸ்டர்தான் சார். ஒத்துக்கமாட்றாரு. நான் போலீசுக்குப் போகப்போறேன்."

"போகாத ஸ்டெல்லா," என்றார் என் கணவர்.

"ஏன் போகக் கூடாது?"

"நாந்தான் வாங்கிக் குடுத்தேன்."

டாக்டர் எழுதுவதை நிறுத்தினார். பெனிட்டா, "அப்பா, வேணாம்பா," என்று முனகினாள்.

"சொல்லித்தானம்மா ஆகணும்." அவர் டாக்டரைப் பார்த்துதான் பேசினார், என்னைப் பார்க்கவில்லை. "வண்டி ஓட்டுதவனுக்கெல்லாம் முதுகுவலி உண்டு சார். நாங்க எல்லாருமே போடுத மாத்திரைதான், டைக்ளோ. ஒருநாள் பிள்ளை வலின்னு அழுதா, ஒண்ணு குடுத்தேன். கேட்டுச்சு. அப்புறம் தினமும் கேட்டா. அம்மாட்ட சொன்னா கிளாஸை நிப்பாட்டிருவா, தேர்வு வரைக்குந்தான்பான்னு சொன்னா. அவ அழுதா எனக்குத் தாங்காது சார்."

டாக்டர் திட்டவில்லை. ஒரு நாளைக்கு எத்தனை, எத்தனை மாதமாக, வெறும் வயிற்றிலா என்று ஒவ்வொன்றாகக் கேட்டு எழுதிக்கொண்டார். அந்த நிதானம் எனக்கு வரவில்லை. மாஸ்டரை, நர்ஸை, டாக்டரை, எந்திரத்தை, பெற்ற பெண்ணைக்கூடச் சந்தேகப்பட்டுவிட்டேன். என் பக்கத்திலேயே நின்றுகொண்டிருந்தவர் மேல் ஒரு நிமிடமும் வரவில்லை.

அன்றைக்கு முழுவதும் அவரோடு பேசவில்லை. பேசியதெல்லாம் பிறர் காதில் விழுகிற குத்தல்தான். "கேளு உங்கப்பாவை, அவருக்குத்தான் எல்லாம் தெரியும்," என்ற மாதிரி. கடைசியில் வல்லக்கோட்டை அம்மா என் கையைப் பிடித்து இழுத்துச் சொன்னார். "சண்டையெல்லாம் வூட்டுக்குப் போய் போட்டுக்கோம்மா. பொண்ணு பாத்துக்கினே கீது."

பிறகு தன் மருமகளுக்கு வைத்திருந்த முருகன் கோவில் விபூதியில் கொஞ்சம் மடித்து என் கணவரிடம் நீட்டினார். அவர் அதை வாங்கிச் சட்டைப்பையில் ஜெபமாலையோடு வைத்துக்கொண்டார். தினமும் ஷிஃப்ட் முடிந்து யூனிஃபார்மோடு நேராக வார்டுக்கு வருவார். பெனிட்டாவால் கையைத் தூக்கித் தலை வார முடியாது. அவர்தான் சிக்கெடுத்துப் பின்னிவிடுவார். பின்னல் கோணலாகத்தான் இருக்கும். எங்கள் லைன் லீடர் நான் கேட்காமலேயே என் ஷிஃப்டை மாற்றிப் போட்டுக்கொடுத்தாள். பக்கத்து வீட்டு ஜோஸ்பின் தினமும் சூடாக ரசம் சாதம் கொடுத்தனுப்பினாள். எனக்கு அப்போது யார் நல்லது செய்தாலும் ஏன் செய்கிறார்கள் என்றுதான் தோன்றியது. ஆனால் ரசத்தைச் சாப்பிட்டேன். பெனிட்டாவும் முதலில் இரண்டு வாய், பிறகு அரைக் கிண்ணம் என்று சாப்பிட ஆரம்பித்தாள்.

ஊசி வேண்டும் என்ற பிடிவாதத்தை மட்டும் அவள் விடவில்லை. வீட்டுக்கு அனுப்பும் நாளில் டாக்டர் எங்களை விட்டுவிட்டு அவளிடமே பேசினார். வலியை மறைத்துவிட்டு வளைந்தால் கட்டை முன்பக்கம் நழுவலாம், நழுவினால் காலுக்குப் போகும் நரம்பை அழுத்தும் என்று படத்தில் விரல் வைத்துக் காட்டினார்.

"எங்கம்மா சொல்லித்தானே இப்படிப் பயமுறுத்துறீங்க?" என்றாள் பெனிட்டா. என் ரத்தம்தான்.

"உங்கம்மா என்னை நம்புற மாதிரியே எனக்குத் தெரியல," என்றார் டாக்டர். "படத்தை எடுத்துட்டுப் போ. வேற எங்க வேணா காட்டு."

காட்டினோம். என் கணவரின் நண்பர் ஒருவர் காரில், பெனிட்டாவைப் பின் சீட்டில் படுக்கவைத்து, தாம்பரத்தில் வயதான எலும்பு டாக்டர் ஒருவரிடம் போனோம். அவர் படத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு, வார்த்தைக்கு வார்த்தை அதையே சொன்னார். ஊசி என்றதும் கண்ணாடியைக் கழற்றிவிட்டு, "யாரு அந்த ஆளு?" என்று கேட்டார்.

"நீங்களும் ஒரகடம் டாக்டரும் ஒரே காலேஜா சார்?" என்றேன்.

அவர் சிரித்தார். "அவர் பேரையே இப்பத்தான்மா படிக்கிறேன்."

திரும்பி வரும்போது மணிமங்கலம் தாண்டியதும் பின் சீட்டிலிருந்து பெனிட்டா கேட்டாள். "அப்ப என் எடத்துல ஹரிணி போவாளா?"

ஹரிணி அவளோடு பயிற்சி எடுக்கும் பெண், ஒரு வயது சின்னவள்.

"போவா," என்றார் அவள் அப்பா. "போவட்டும். நீ நடக்கணும்."

அவள் அழுதாள். அவரும் அழுதார். அவள் அழுதால் தாங்காது என்றவர், இந்த முறை அழுகையை நிறுத்துவதற்காக எதுவும் தரவில்லை. அவள் கையை மட்டும் பிடித்துக்கொண்டார். அந்த இடத்தில்தான் எனக்கு அவர்மேல் இருந்த கோபம் கொஞ்சம் இறங்கியது. முழுசாக இன்னும் இறங்கவில்லை.

கவசம் வெயில் காலத்தில் பெரிய கொடுமை. பிளாஸ்டிக் ஓட்டுக்குள் உடம்பை வைத்துப் பூட்டியதுபோல. உள்ளே வியர்த்து, தோல் உரிந்து, பள்ளியில் பிள்ளைகள் தட்டிப் பார்த்து, எல்லாம் நடந்தது. வீட்டில் எடை மெஷின் என்ற பேச்சே எடுப்பதில்லை என்று மூவரும் ஒப்புக்கொண்டோம். ரத்தத்தில் கிரியாட்டினின் மெல்ல இறங்கிச் சரியானது. ஒரு நாள் நான் சமைத்துக்கொண்டிருந்தபோது பின்னால் வந்து, "அம்மா, வந்துடுச்சு," என்று மட்டும் சொன்னாள். என்ன வந்தது என்று புரிய எனக்கு ஒரு நொடி ஆனது. அடுப்பை அணைத்துவிட்டு உட்கார்ந்துவிட்டேன். எலும்பும் ஆறத் தொடங்கியிருக்கும் என்று டாக்டர் அடுத்த முறை சொன்னார். படத்திலும் அப்படியே இருந்தது.

இப்போது ப்ளஸ் ஒன் படிக்கிறாள். ஓடுகிறாள், சைக்கிள் ஓட்டுகிறாள். ஹாலுக்குப் போவதில்லை. திரும்பப் போவாளா என்று நான் கேட்பதில்லை, அவளும் சொல்வதில்லை. எங்களோடு இருந்த பழைய சிரிப்பு பாதிதான் வந்திருக்கிறது. தன் இடம் போனதற்கு எங்களை அவள் இன்னும் மன்னிக்கவில்லை என்றுதான் நினைக்கிறேன்.

கொஞ்ச நாள் முன்பு ஸ்ரீபெரும்புதூர் கடைத்தெருவில் ஹரிணியின் அம்மா கௌரியைப் பார்த்தேன். பெருமாள் கோவிலுக்குப் பக்கத்துத் தெருவில் குடியிருப்பவர், கணவர் வங்கியில் வேலை. ஹரிணி மாநில அணியில் இரண்டாம் வருடமாக இருக்கிறாள். பக்கத்தில் நின்ற அந்தப் பெண்ணின் கன்னம் ஒட்டிப்போயிருந்தது. நடந்ததை எல்லாம் கௌரியிடம் சொன்னேன். பீரியட்ஸ் ஒழுங்காக வருகிறதா, வலி மாத்திரை ஏதாவது போடுகிறாளா என்று கேட்டுப் பாருங்கள் என்றேன்.

கௌரி என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"உங்க பொண்ணால முடியலங்கிறதுக்காக எங்க பொண்ணையும் நிறுத்தணும்னு பாக்குறீங்களா ஸ்டெல்லா?"

 அவர் இடத்தில் நான் இருந்தால் இதைவிடக் கடுமையாகக் கேட்டிருப்பேன். பெண்ணைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய்விட்டார்.

சில வாரம் கழித்து, நான் கேன்டீனில் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது போன் வந்தது. கௌரிதான். குசலம் விசாரித்தார், வெயிலைப் பற்றிப் பேசினார். பிறகு சொன்னார். "எங்க நாத்தனார் பொண்ணுக்கு முதுகுவலியாம். நீங்க காட்டின ஒரகடம் டாக்டர் எந்தெந்த நாள்ல இருப்பாருன்னு கேட்டாங்க."

நாளைச் சொன்னேன். சீக்கிரம் போய் டோக்கன் போட்டுவிடுங்கள், எக்ஸ்ரேயில் ஒன்றும் இல்லை என்றால் அதோடு விட்டுவிடாதீர்கள், ஸ்கேன் எடுக்கச் சொன்னால் எடுத்துவிடுங்கள் என்றேன். அவர் எல்லாவற்றுக்கும் ம், ம் என்றார்.

"ரொம்ப நாள் ஆகுமா ஸ்டெல்லா, சரியாக?"

"ஆகும். ஆனா சரியாகும்."

 கௌரிக்கு நாத்தனார் உண்டா என்று எனக்குத் தெரியாது. நான் கேட்கவில்லை.